முந்திக்கொண்ட அறிக்கை

காணாமல் போன பெண்ணின் வழக்கை நீதிமன்றமே கண்காணித்து வந்தது. பதினைந்து நாளுக்கொரு முறை இன்ஸ்பெக்டர் விசாரணை அறிக்கை தர வேண்டும். ஒவ்வொரு முறையும் அவருக்கு முன்பே, போன வருடம் செத்துப்போன பழைய இன்ஸ்பெக்டரின் கையெழுத்தில் ஓர் அறிக்கை வந்திருக்கும். நீதிபதி அதைத்தான் புகழ்வார்.

"செத்தும் நல்ல பேரு வாங்குறாரே மனுஷன்!" என்று இன்ஸ்பெக்டர் வயிறெரிந்தார்.

"அவரை விட்டுட்டு அந்தப் பொண்ணைத் தேடுங்களேன்" என்றாள் மனைவி.

இந்த முறை நீதிமன்றக் கதவு திறந்ததும் முதல் ஆளாக ஓடினார். குமாஸ்தா கொட்டாவி விட்டபடி ஓர் அறிக்கையை நீட்டினார்.

"இன்னைக்கும் அவரு முந்திக்கிட்டாரு சார்."

அதன் கடைசி வரி: 'புது இன்ஸ்பெக்டர் மூச்சிரைக்க வருவார். பாவம், உட்காரச் சொல்லவும்.'

குமாஸ்தா எதிரே கிடந்த காலி நாற்காலியைக் காட்டினார். இன்ஸ்பெக்டர் உட்கார்ந்தார். அது இன்னும் சூடாக இருந்தது.