மூன்றாவது கணக்கு

கணக்கு வாழ்க்கைக்கு உதவவேண்டும் என்று, ஒவ்வொரு பிள்ளைக்கும் அதனதன் வீட்டு விவரங்களைப் பதிவேடுகளிலிருந்து அன்றன்று திரட்டி, அவற்றை வைத்தே பள்ளிக் கணினி தினமும் வீட்டுப்பாடம் அனுப்பியது. ஐந்தாம் வகுப்பு இதழினி அதைச் சத்தமாகப் படிப்பாள்.

முதல் கணக்கில் அவர்கள் வீட்டுத் தொட்டி நிரம்பியது. இரண்டாவதில் இட்லி மாவு அரைபட்டது. மூன்றாவதைப் படித்தாள்: "உன் அம்மா வீட்டிலிருந்து அப்பா வீடு பதினான்கு கிலோமீட்டர். மணிக்கு இருபத்தெட்டு கிலோமீட்டர் வேகத்தில் போனால் எத்தனை நிமிடம்?"

"கேள்வியே தப்பும்மா. நமக்கு ஒரு வீடுதானே?"

அம்மா தோசையைத் திருப்பாமல் அப்பாவைப் பார்த்தாள்.

"நேத்துதான் வாடகைப் பத்திரத்துல கையெழுத்துப் போட்டேன். ஞாயித்துக்கிழமை சொல்லலாம்னு இருந்தேன்" என்றார் அவர்.

இதழினி முப்பது என்று எழுதினாள். அடியில், பெற்றோர் கையெழுத்துக்கு எப்போதும் ஒரு கட்டம்தான் இருக்கும். இன்று இரண்டு இருந்தன.