உடையாத தட்டு

லதோகா ஏரி உறைந்து கிடக்கிறது. படப்பிடிப்பின் முதல் நாள். கேமரா நிற்கும் முக்காலியில் தட்டை அடித்து உடைக்காமல் இங்கே யாரும் வேலையைத் தொடங்குவதில்லை. ஒரே அடியில் சிதறினால்தான் படம் நல்லபடியாகத் திரைக்கு வரும். ஆளுக்கொரு சில்லு பத்திரமாகப் பைக்குள் போகும். இயக்குநர் க்ளேப் ஓங்கி அடிக்கிறார். தட்டு டங்கென்று ஒலித்துவிட்டுப் பனிக்கட்டியில் உருண்டோடி விழுகிறது. விளிம்பில் வெள்ளைப் பூச்சு பெயர்ந்து, உள்ளே கறுப்பு இரும்பு தெரிகிறது.

“ஏம்மா தைஸியா, பீங்கான் தட்டு கேட்டா பீரங்கித் தகட்டைக் கொண்டாந்திருக்கே?” என்கிறார் க்ளேப்.

“கேன்டீன்ல இதுதாங்க இருந்துச்சு,” என்கிறாள் படப்பிடிப்புச் சாமான்களைப் பார்த்துக்கொள்ளும் தைஸியா, அழுகை முட்ட.

மேகத்துக்கும் ஏரிக்கும் நடுவில் விரற்கடை இடைவெளியில் சூரியன் நழுவிக்கொண்டிருக்கிறது. ஒளிப்பதிவாளர் ரொதியோன் அதையே பார்க்கிறார். அவருடைய முந்தைய படத்தின் சில்லு கோட்டுப் பைக்குள் கிடக்கிறது. அந்தத் தட்டு முதல் அடியிலேயே தூள்தூளானது. படத்தைத்தான் அரசு மேலிடம் பார்த்துவிட்டு, வெளியிடக் கூடாதென்று பெட்டியில் போட்டுப் பூட்டிவிட்டது. அதன்பின் அவரை வேலைக்குக் கூப்பிட்டிருக்கும் முதல் ஆள் க்ளேப்தான்.

“வேற தட்டு வரட்டும், ரொதியோன். சகுனம் சரியில்ல,” என்கிறார் க்ளேப்.

“அதுக்குள்ள லைட் போயிடும்யா.”

ரொதியோன் பையிலிருந்த பழைய சில்லை எடுத்து முக்காலியின் காலில் அடிக்கிறார். சடக்கென்று இரண்டாகிப் பனிக்கட்டியில் விழுகிறது.

“உடைஞ்சிருச்சு. ஆரம்பிங்க.”

கேமரா ஓடுகிறது. கண்ணை அதில் பதித்து அவர் அசையாமல் நிற்கிறார். கை மட்டும் காலிப் பைக்குள் எதையோ துழாவிக்கொண்டே இருக்கிறது.