அமைதி காக்கவும்

ஜாஸ் மேதை லெஸ்லி டிக்ரூஸ் வாழ்ந்த பெரம்பூர் வீட்டை நினைவில்லமாக்கித் திறந்த அன்று, உள்ளே நுழைந்த அவர் மனைவி டோரின் திகைத்து நின்றாள். லெஸ்லியின் டிரம்பெட் கண்ணாடிப் பெட்டிக்குள் கிடந்தது. அதற்கு மேலே, ‘அமைதி காக்கவும்’ என்றொரு பலகை.

“யார் இதை மாட்டினது?”

“நாங்கதாம்மா. மியூசியம்னா அப்படித்தான்,” என்றார் நினைவில்லக் குழுத் தலைவர் சபாபதி. லெஸ்லி வாசிக்கிற சத்தம் தாங்க முடியவில்லை என்று போலீசுக்குப் போன பக்கத்து வீட்டுக்காரரும் அவர்தான்.

“உயிரோட இருந்தப்ப வாயை மூடச் சொன்னீங்க. செத்த பிறகுமா?”

டோரின் பெட்டியைத் திறந்து டிரம்பெட்டைக் கையில் எடுத்தாள்.

“ஐயோ, தொடக் கூடாதும்மா!”

அவளுக்கு வாசிக்கத் தெரியாது. மூச்சை நிறைத்து ஊதினாள். எருமை கத்தியதுபோல் ஒரு சத்தம் எழுந்து வீட்டை நிறைத்தது. சபாபதி காதைப் பொத்திக்கொண்டார். அவள் அடுத்த மூச்சை இழுத்தாள்.