பதினைந்துக்கு ஆறு

"அப்பா, காதுல விழுந்துச்சா? உங்க மூளைக்கு ஒண்ணும் ஆகலையாம்!"

டெனிஸ் நாற்காலியை விட்டே எழுந்துவிட்டாள். எதிரே டாக்டர் மார்லோ இரண்டு காகிதங்களை அருகருகே வைத்துப் புன்னகைத்தார். ரூஃபஸ் மட்டும் தலை நிமிரவில்லை.

பதினோரு சீசன் தொழில்முறை அமெரிக்கன் ஃபுட்பால் ஆடியவர். பந்தோடு ஓடி வருகிறவனை மோதித் தரையில் சாய்ப்பதுதான் வேலை. ஒஹாயோவில் இன்றும் அவர் பெட்ரோல் போடப் போனால் நாலு பேர் தோளில் கை போட்டுப் படம் எடுத்துக்கொள்வார்கள். அப்பேர்ப்பட்ட ஆறரை அடி மனிதர் இப்போது திருட்டு முழி முழித்துக்கொண்டிருந்தார்.

போன செவ்வாய்க்கிழமை, நாலு வயதுப் பேத்தி ஐவியை நர்சரியில் விடக் கிளம்பியவர், பழைய பயிற்சி மைதானத்துக்குப் போய்விட்டார். பிராக்டிஸுக்கு நேரமாகிவிட்டது என்று நினைத்தாராம். பூட்டிய கேட் முன்னால் மூன்று மணி நேரம் காரிலேயே உட்கார்ந்திருந்தார். பின்சீட்டில் குழந்தை அழுதழுது தூங்கிப்போனது. போலீஸ்காரர் கண்ணாடியைத் தட்டிய பிறகுதான் சுயநினைவே வந்தது.

அன்றைக்கே டெனிஸ் கார்ச் சாவியைப் பிடுங்கிக்கொண்டாள். "டாக்டர் சரின்னு சொல்ற வரைக்கும் ஐவியை உங்ககூட அனுப்ப மாட்டேன்" என்று சொல்லிவிட்டாள். அந்தப் பரிசோதனைதான் இன்று முடிந்திருந்தது.

"சீசன் ஆரம்பிக்கிறதுக்கு முன்னாடி எல்லா ஆட்டக்காரருக்கும் இந்த ஞாபகப் பரீட்சை வைப்பாங்க" என்றார் டாக்டர். "நடுவுல தலையில அடிபட்டா மறுபடியும் அதே பரீட்சை. மார்க் இறங்கியிருந்தா ஓரமா உட்கார வச்சிடுவாங்க. உங்க அப்பாவோட பதினேழு வருஷத்துக்கு முந்தின மார்க்கைக் கேட்டு வாங்கினேன். பதினஞ்சு வார்த்தை சொன்னதுல அன்னிக்கு ஞாபகம் இருந்தது ஆறு. இன்னிக்கும் ஆறு. கொஞ்சம்கூடக் குறையலை. செவ்வாய்க்கிழமை நடந்தது தூக்கம் இல்லாததால இருக்கலாம்."

"பதினஞ்சுக்கு ஆறா!" டெனிஸ் சிரித்தாள். "இந்த லட்சணத்துலதான் என் கணக்கு மார்க்கைப் பார்த்துட்டு என்னைச் சாப்பிடவிடாம நிக்க வச்சீங்களா?"

சிரிக்கும்போதே அவளுக்குக் கண் கலங்கியது. "ரொம்பப் பயந்துட்டேன்பா. உங்களைத் திட்டினதெல்லாம் மனசுல வச்சுக்காதீங்க. திங்கட்கிழமையிலேர்ந்து ஐவி உங்க பொறுப்பு. தாத்தா ஏன் வரலைன்னு தினமும் என் உயிரை எடுக்குறா."

கைப்பையிலிருந்து சாவியை எடுத்து அவர் உள்ளங்கையில் வைத்தாள்.

ஒரு வாரமாக ரூஃபஸ் சாமியிடம் கேட்டது இது ஒன்றைத்தான். வாயை மூடிக்கொண்டு எழுந்து போனால் போதும். ஆனால் அவர் எழவில்லை. அரங்கமே நின்று கைதட்டிய மனிதருக்குப் பெற்ற மகளின் முகத்தைப் பார்க்கக் கூச்சமாக இருந்தது.

"டாக்டர்... அந்தப் பழைய மார்க் பொய்."

"என்னப்பா சொல்றீங்க?"

"அப்பல்லாம் எங்கள்ல பல பேர் பண்ற வேலைதாம்மா. முதல் பரீட்சையில வேணும்னே கோட்டை விட்டுடுவோம். அப்பதான் பின்னாடி அடிபட்டாலும் மார்க் இறங்கினது தெரியாது, உட்கார வைக்க மாட்டாங்க. எனக்கு அன்னிக்குப் பதினஞ்சும் ஞாபகம் இருந்துச்சு. ஆறு மட்டும் சொல்லிட்டு, டாக்டரை ஏமாத்திட்டேன்னு சிரிச்சுக்கிட்டே வெளிய வந்தேன். இப்ப நினைச்சா நாக்கைப் பிடுங்கிக்கலாம் போல இருக்கு."

டாக்டரின் புன்னகை மறைந்தது. டெனிஸுக்கு அது இன்னும் உறைக்கவில்லை.

"இவ்வளவுதானா? தப்புதான், ஆனா அது பழைய கதைப்பா. பழக்கதோஷத்துல இன்னிக்கும் வேணும்னேதான் ஆறு சொன்னீங்களா?"

ரூஃபஸ் தலையை மெல்ல ஆட்டி மறுத்தார்.

"இல்லம்மா. இன்னிக்கு ஐவிக்காக, ஒண்ணு விடாம சொல்லிடணும்னு உயிரைக் கொடுத்து யோசிச்சேன்."