மூன்றாவது முகம்

சீரியலில் யாராவது ஒரு வார்த்தை சொல்லிவிட்டால் போதும், கேட்டவர் முகத்தை மூன்று முறை காட்டுகிற மாதிரி வெட்டி ஒட்டுவாள் செசிலி. பதில் வரப்போகிற நேரம் பார்த்து 'தொடரும்' போடுவதும் அவள் கைதான். அந்த முகங்களுக்கு 'டுடூம்' என்று சத்தம் சேர்ப்பவர் பக்கத்து அறை அருளப்பன். இருவருக்கும் தலை நரைத்ததே தவிர கல்யாணம் ஆகவில்லை.

நேற்று மத்தியானம் அந்த மனுஷன் டீ டம்ளரைக் கீழே வைத்துவிட்டு, "செசிலி, என்னைக் கட்டிக்கிறீங்களா?" என்று கேட்டே விட்டார்.

அவள் அவரைப் பார்த்தாள். டம்ளரைப் பார்த்தாள். மறுபடியும் அவரைப் பார்த்தாள்.

அவருக்கு வேர்த்துக் கொட்டியது. "ஏங்க, 'தொடரும்'னு மட்டும் போட்டுடாதீங்க!"

"சும்மா இருங்க, இன்னும் ஒரு தடவை பாக்கணும்."

சிரிப்பை அடக்கிக்கொண்டு அவள் மூன்றாம் முறையாக நிமிர்ந்தபோது, அருளப்பன் வாயாலேயே சொன்னார்: "டுடூம்."