விசாரிக்க வந்தவர்

"பொண்ணு பத்து மணிக்குத்தான் எழுந்திருப்பா, சோத்தைக் கருக்குவா, மாமியாரை எதிர்த்துப் பேசுவான்னு சொல்லியிருக்கியே, உன் நாக்கு அழுகாதா?"

புகையிலைக் கடை வாசலில் ஷிகே போட்ட கூச்சலில் தெருவே கதவைத் திறந்தது. கியோட்டோவில் மாப்பிள்ளை வீட்டார் பெண்ணைப் பற்றி முதலில் அக்கம்பக்கத்தில்தான் விசாரிப்பார்கள். இந்தத் தெருவில் அதற்கு யார் வந்தாலும் நுழையும் இடம் ஒதோமியின் இந்தப் புகையிலைக் கடை. ஷிகேயின் மகள் கினுயேவுக்கு வந்த மூன்றாவது வரனும் இப்படி நழுவியிருந்தது.

"சத்தியமா நான் இல்லடி! கினுயேவுக்காக நல்ல பொய்யா நாலு தயார் பண்ணி வச்சிருந்தேன். அவங்க வந்தப்ப நான் பொதுக் குளியல் கூடத்துக்குப் போயிருந்தேன்."

"அப்ப கடையில யாரு இருந்தா?"

ஒதோமி விழித்தாள். "உன் பொண்ணுதான். கொஞ்சம் பார்த்துக்கோன்னு உட்கார வச்சுட்டுப் போனேன்."

ஷிகே வீட்டுப் பக்கம் திரும்பி மகளைக் கூப்பிட்டாள். அந்த நேரம் பார்த்துக் கல்யாணத் தரகர் அம்மாள் மூச்சிரைக்க வந்தாள்.

"ஒதோமி, அன்னிக்கு உன் கடையில இருந்த பொண்ணு யாரு? விசாரிக்க வந்தது மாப்பிள்ளையேதான். தெரு முழுக்க உண்மை பேசினது அவ ஒருத்திதானாம். கட்டினா அவளைத்தான் கட்டுவேங்கறாரு!"

கல்யாணமே வேண்டாமென்று தன்னைப் பற்றித் தானே கோள் சொன்ன கினுயே, "இவ்வளவு சொல்லியுமா?" என்று கேட்டுவிட்டு, ஆளைப் பார்க்கச் சம்மதித்தாள். வசந்தத்தில் அவரையே கட்டிக்கொண்டு ஒசாகா போனாள். அடுத்த வாரமே ஷிகே தன் இரண்டாவது மகளைக் கூட்டிவந்து புகையிலைக் கடையில் உட்கார வைத்துவிட்டாள்.