பவளகிரித்தனம்

சேனாபதி, மன்னரின் மார்பில் ஏறி உட்கார்ந்து கழுத்தை நெரித்துக்கொண்டிருந்தபோது, ராணி உள்ளே வந்து மேசைமேல் இருந்த தண்ணீர் ஜக்கை எடுத்தாள்.

"தண்ணி புடிச்சிட்டு வரேன். நீங்க நடத்துங்க."

பயப்பட வேண்டாம். மன்னர் ஒரு தொடர்கதை எழுத்தாளர். சேனாபதி அவர் தம்பி, ராணி அவர் மனைவி. பவளகிரி என்ற நாடு எந்த வரைபடத்திலும் கிடையாது, அவர் பேனாவில் பிறந்தது. வாள், முகமூடி, கடைசி நொடியில் கண்ணீரோடு ஓடி வந்து மன்னரைக் காப்பாற்றும் ராணி என்று எழுதி எழுதி, அந்தப் பெயரே பேச்சுவழக்கில் ஏறிவிட்டது. யாராவது காதல், தியாகம் என்று உருகினால், "போதும் உன் பவளகிரித்தனம்" என்பார்கள்.

நடித்துப் பார்க்காமல் அவர் சண்டை எழுத மாட்டார். மரவாளால் அவர் அடித்ததில் தம்பியின் விரல் கோணிப்போயிருந்தது. ராணியை அறையும் காட்சிக்கு நின்ற மனைவிக்கு ஒரு காதில் இன்னும் இரைச்சல்.

வலி தாங்காவிட்டால் ஜக்கைத் தட்டிவிடலாம் என்பது வீட்டுச் சட்டம். ஜக்கு உருண்டால்தான் சண்டை நிற்கும், கத்தினால் நிற்காது. பவளகிரியில் கத்தாதவர் யார்? மாடி வீட்டுக்காரர்கூட டிவி சத்தத்தைக் கூட்டிக்கொள்வதோடு சரி.

இன்றுதான் முதன்முறையாக மன்னர் கீழே கிடந்தார்.

"கையா அது, கத்திரிக்காயா? வாசகன் சிரிப்பான். அழுத்துடா!"

தம்பி அழுத்தினான்.

"டேய்... நிஜமாவே... ஐயோ, கொல்றான்!"

மாடியில் டிவி சத்தம் கூடியது. எழுத்தாளர் தம்பியின் வாயில் ஓங்கிக் குத்தினார். பல் ஒன்று தெறித்து விழுந்தும் பிடி தளரவில்லை. தொண்டைக்குள் ஏதோ நொறுங்க, அவர் வாயோரம் ரத்தம் வழிந்தது. கை மேலே நீண்டு மேசையைத் துழாவியது. ஜக்கு இல்லை.

கதவு திறந்தது. கையில் ஜக்கோடு மனைவி நின்றாள். அவர் கண்ணில் உயிர் திரும்பியது. ராணி வந்துவிட்டாள்! அவளை நோக்கிக் கையை நீட்டினார்.

தம்பியின் விரல்கள் தளர்ந்தன. "அண்ணி... அண்ணன் அழறாரு..."

அவள் ஜக்கை அலமாரியின் மேல்தட்டில் வைத்துவிட்டுக் கதவைச் சாத்தினாள்.

"என்ன பவளகிரித்தனம் இது? அழுத்து."